முதுகு மட்டும் தெரிந்த ராணி

பகலில் எனக்கு மீரா உசேன் பாயின் பழைய இரும்புக்கடையில் வேலை. மாலையில் டுடோரியல் வகுப்பு. இன்று வகுப்புக்குப் போகவில்லை.

ஒரு பங்களாவைக் காலி செய்தபோது வந்த தகர டப்பாக்களில் ஊமைப்படச் சுருள்கள் இருந்தன. நாற்பது வருஷத்துக்கு முன், 1928-இல், திருக்காட்டுப்பள்ளி ஆற்றில் எடுத்த படம். பிலிமிலுள்ள வெள்ளியைப் பிரித்தெடுக்க நாளை திருச்சிக்குப் போய்விடும். கேள்விப்பட்டு, வயல் வேலை செய்யும் அம்சவல்லி அக்கா வந்தார். கூலித் தகராறில் அறுவடை நின்றுபோய், அவருக்கு வேலையில்லை.

"வாம்மா, ராணி மகளே!" என்றார் பாய்.

"ராணி மகளுக்கு அரைப்படி கூலி ஏத்த மாட்டேங்கறாங்களே பாய்."

அக்காவின் அம்மா காளியம்மாள் நடவு வேலை செய்தவர். ராணியாக நடித்த கதாநாயகி தண்ணீரில் இறங்கப் பயந்ததால், ராணியின் பட்டுச்சேலையைக் காளியம்மாளுக்குக் கட்டி இறக்கினார்களாம். அவர் இறந்து வெகுகாலமாகிறது. போட்டோ கிடையாது. முகம் மறந்துவிட்டது, ஒரு தடவை பார்க்க வேண்டும் என்றார் அக்கா.

சுருங்கிய பிலிம் மெஷினில் ஓடாது. வாசல் வெளிச்சத்தில் பிடித்து, ஒவ்வொரு படமாக நகர்த்தினேன். ஆறு வந்தது. ராணி வந்தாள். எல்லாவற்றிலும் முதுகுதான்.

"கரையில நான் அழுதேனாம். அம்மா திரும்பிப் பாத்துருச்சாம். ஏசிட்டு மறுபடி எடுத்தாங்களாம்," என்றார்.

அப்படியானால் திரும்பிய இடத்தில் வெட்டி ஒட்டியிருப்பார்கள். ஒட்டிய இடத்தைத் தேடிப் பிடித்தேன். அதற்கு முந்தைய படத்தில் தலை லேசாகத் திரும்பியிருந்தது. கன்னமா, கறையா? தப்பாகச் சொல்லிவிடுவேனோ என்று தயங்கித்தான் அவரிடம் நீட்டினேன்.

வெகுநேரம் பார்த்தார். பிறகு தன் காதைத் தொட்டுக்கொண்டார்.

"இது என் காது தம்பி."

கொடு என்று பாய் தலையசைத்தார். அந்தத் துண்டை வெட்டிக் கொடுத்தேன். "அடுப்புப் பக்கம் வைக்காதீங்கக்கா. பழைய பிலிம், சட்டுனு பத்திக்கும்."

முந்தானையில் முடிந்துகொண்டிருந்தவர் நிறுத்தினார்.

"எங்க தெரு முழுக்கக் கூரை வீடு. கூலி கேட்டதுக்கு எவன் வந்து கொளுத்துவானோன்னு ஆம்பளைங்க முறை வச்சுக் காவல் இருக்காங்க. இதை நானே கொண்டுபோய் வைக்கவா?"

முடிச்சை அவிழ்த்தார். வெளிச்சம் போகும்வரை வாசலிலேயே நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

"இனி தெரியலை," என்று அதை என் கையில் வைத்துவிட்டு, தனியாகப் பாலத்துப் பக்கம் நடந்தார்.

என் அறையும் கூரைதான். எங்கே வைப்பதென்று தெரியவில்லை.