ஊர்ந்தாலும் தாவினாலும்

ரென் ஆற்றின் பள்ளத்தாக்கை மேட்டிலிருந்து முதன்முறை பார்ப்பவன் கீழே ஒரு பேராறு ஓடும் என்றுதான் நினைப்பான். அவ்வளவு அகலம். இறங்கிப் போனால் வில்லோ புதர்களுக்கு நடுவே, மாடு வயிறு நனையாமல் தாண்டக்கூடிய ஓடை ஒன்று நெளிந்துகொண்டிருக்கும். பனிப்பாறைகள் உருகிய காலத்து வெள்ளம் வெட்டிய பள்ளம் அது. அந்த வெள்ளம் என்கிற பெரிய முதலாளி எப்போதோ கடையைக் காலி செய்துவிட்டுப் போய்விட்டார். அவர் விட்டுப்போன கட்டடத்தில் ரென் ஆறு பெட்டிக்கடை போட்டிருக்கிறது. இடம் தாராளம் என்பதால் நினைத்த பக்கம் புரள்கிறது.

தெமியான் பசிச்னிக் தென்கரைக்காரர், மாட்டு வியாபாரி. இந்தப் பக்கம் மாடு கைமாறுவதெல்லாம் கைகுலுக்கலில்தான். தெமியான் கைகொடுத்துவிட்டால் கன்று வண்டியேறிவிட்டது என்று அர்த்தம். வடகரையில் கஸ்பார் லரோக். பிரெஞ்சு வியாபாரிகளும் கிரீ பழங்குடிப் பெண்களும் கலந்து வந்த மேத்தீ வம்சம். இருவருக்கும் நடுவே வேலி கிடையாது. வேலிச் செலவு எதற்கு, ஆறே எல்லையாக இருக்கட்டும் என்று பல வருஷங்களுக்கு முன் யோசனை சொன்னவர் தெமியான்.

அந்த யோசனைக்குள் ஒரு சூட்சுமம் இருந்தது. ஆறு ஓரிடத்தில் குதிரைலாடம்போல் வடக்கே வளைந்து, தெமியானின் புல்வெளியைச் சுற்றிக்கொண்டு போனது. வளைவின் வெளிக்கரை கஸ்பாருடையது. ஒவ்வொரு வசந்தத்திலும் தண்ணீர் அதைக் கொஞ்சம் அரிக்கும், உள்கரையில் வண்டலைக் கொண்டுவந்து சேர்க்கும். வருஷாவருஷம் தெமியானுக்கு ஒரு பாய் அகலம் நிலம் கூடியது. ஆறு அவருக்குச் சம்பளம் கேட்காத வேலைக்காரன்.

ஒப்பந்தம் பேசிய அன்று கஸ்பார் தொப்பியைத் தூக்கித் தலையைச் சொறிந்தார். "ஊர்ந்து போனா சரி. தாவிடுச்சுன்னா?"

"தாவட்டுமேய்யா. ஊர்ந்தாலும் தாவினாலும் ஆறுதான் எல்லை. குடு கையை."

ஓட்டையில்லாமல் பேரம் முடித்த திருப்தியில் தெமியான் வீட்டுக்குப் போய் அதை மனைவி பரஸ்காவிடம் இரண்டு தடவை சொன்னார்.

இந்த ஏப்ரலில் ஆறு தாவியது. பனிக்கட்டிகள் வளைவில் வந்து அடைத்துக்கொண்டன. பின்னால் தேங்கிய தண்ணீர், சுற்றிப் போகப் பொறுமையில்லாமல், புல்வெளியின் தெற்கே குறுகியிருந்த கழுத்தை நேராக அறுத்துக்கொண்டு ஓடிற்று. வெள்ளம் வடிந்தபோது பழைய வளைவு குட்டையாகக் கிடந்தது. புல்வெளி முழுவதும் புது ஆற்றுக்கு வடக்கே. தெமியானின் மாடுகள் குளிர்காலம் பூராவும் தின்கிற புல் அங்கேதான் விளைந்தது. அது இல்லையென்றால் மந்தையே இல்லை.

நகரத்துக்குப் போய் வக்கீலைப் பார்த்தார். வக்கீலுக்கு ஒரே சந்தோஷம். "ஆறு மெதுவா நகர்ந்தா எல்லையும் கூடவே நகரும். திடீர்னு தாவினா எல்லை பழைய இடத்துலயே நிக்கும். ரெண்டு வகையிலயும் உங்களுக்குத்தான் சாதகம். சர்வேயரைக் கூப்பிடுங்க சார்."

பரஸ்கா பீட்ரூட் சூப்பை ஊற்றிக்கொண்டே கேட்டாள்: "கைகுலுக்கினதை வக்கீல்கிட்ட சொன்னீங்களா?"

"அதை எதுக்கு அவன்கிட்ட சொல்லணும்?"

"சொல்லாட்டி போங்க. ஞாயித்துக்கிழமை சர்ச் வாசல்ல கஸ்பார் பொண்டாட்டி ஊருக்கே சொல்லிடுவா. அப்புறம் எவன் உங்களை நம்பி மாட்டை ஏத்துறான்னு பார்ப்போம்."

மறுநாள் தெமியான் புதுக்கரையில் போய் நின்றார். எதிரே கஸ்பார் வாளியைக் கவிழ்த்துப்போட்டு உட்கார்ந்து தூண்டில் போட்டிருந்தார்.

"யோவ் கஸ்பார், வக்கீலைப் பார்த்தேன். அது என் நிலம்தானாம்."

"அப்படியா? சர்வேயர் வர்றானா?"

"கூப்பிட்டா வருவான்."

"வருவான், வருவான். எங்க தாத்தா நிலத்துக்கும் வந்தான். ஆத்துலேர்ந்து நீளநீளமா பிரிச்சு வெச்சிருந்தாங்க எங்காளுங்க. இவன் அளக்கற சங்கிலியைப் போட்டுச் சதுரமா வெட்டினான். வீடு ஒரு சதுரத்துல, கிணறு இன்னொண்ணுல. ரெண்டும் வேற எவன் பேர்லயோ." கஸ்பார் சிரித்தார். "கூப்பிடுய்யா. சங்கிலிக்காரனைப் பார்த்து நாளாச்சு."

தெமியான் கணக்குப் பார்த்தார். புல் போனால் மந்தை குறையும். கைகுலுக்கலுக்கு மதிப்பு போனால் தொழிலே போகும். காலணியைக்கூடக் கழற்றாமல் தண்ணீரில் இறங்கி அக்கரைக்கு நடந்தார். எலும்பு வரை குளிர்ந்தது.

"தாவும்னு உனக்கு அப்பவே தெரியுமாய்யா?"

"எனக்கென்ன ஜோசியமா தெரியும்? மேட்டுல நின்னு பாரு, பள்ளத்தாக்கு பூரா இப்படி ஆறு தாவி விட்டுப்போன குட்டைங்கதான். நீ மாட்டை மட்டும் பார்த்தே."

"சரி, நாலு மாட்டை வெச்சுக்கிட்டு இவ்வளவு புல்லை நீ என்ன பண்ணுவே?"

"பார்த்துக்கிட்டு இருப்பேன். அழகா இருக்கு."

"நான் அறுக்கறேன். மூணுல ரெண்டு பங்கு எனக்கு."

"பாதி."

"டிராக்டர் என்னுது, டீசல் என்னுது!"

"நிலம் என்னுது."

தெமியான் இறங்கிவந்தார். "பாதி. ஆனா எல்லையை இங்கயே முளையடிச்சு நிறுத்திடுவோம்."

"முளை எதுக்கு? பழைய பேச்சே இருக்கட்டும்."

தெமியான் திரும்பிப் பார்த்தார். புது ஆறு நேராக வந்து தென்கரையில் மோதித் திரும்பிக்கொண்டிருந்தது. அவருடைய கரையிலிருந்து புல்லோடு ஒரு மண்கட்டி சரிந்து விழுந்து கரைந்தது. அதை இருவருமே பார்த்தார்கள்.

"ஊர்ந்தாலும் தாவினாலும்," என்றார் தெமியான், கையை நீட்டி.

கஸ்பார் தூண்டிலை வைத்துவிட்டு, கையைச் சட்டையில் துடைத்துக்கொண்டு, அவசரமில்லாமல் கொடுத்தார்.

அந்த இலையுதிர் காலத்தில் தெமியான் பாதி மந்தையை விற்றார். வாங்க வந்த ஒருவரும் எழுதித் தரச்சொல்லிக் கேட்கவில்லை.