ஏகர்: உச்சரிப்பும் பொருளும்

எங்கள் ட்ரென்ட் ஆற்றங்கரையில் விளையாட்டுக்குக்கூட யாரும் சொல்லாத ஒரு சொல் உண்டு. கடல் பொங்கும் நாட்களில் ஆற்றை எதிர்த்துச் சுவர்போல ஏறி வரும் அலைக்கு அதுதான் பெயர். முதலில் பார்ப்பவர் அதைக் கத்துவார். கேட்டவர்கள் கையில் இருப்பதைப் போட்டுவிட்டுக் கரையேறிவிடுவார்கள்.

அந்தச் சொல்லைத் தேடித்தான் மிஸ் கார்ஸ்வெல் வந்திருந்தாள். அரிய சொற்களுக்கு அகராதி எழுதுகிறவள்.

"ஈகர். சரியா?" என்று என் மாமனார் ஓபெட்டிடம் கேட்டாள்.

"அது உங்க ஊர்ப் பலகாரம் போலிருக்கு," என்றார் அவர்.

"அப்ப நீங்களே சொல்லிக் காட்டுங்களேன்."

"அது வரும்போது சொல்றேன். காதைத் திறந்து வச்சுக்கங்க."

மறுநாள் காலை அலை வந்தது. அவர் கத்தினார். அவளுடைய டேப் ரெக்கார்டர் அதைப் பிடித்துக்கொண்டது.

பிற்பகலில் படகுத்துறைக்கு மேலே என் பக்கத்தில் உட்கார்ந்து அதை ஓடவிட்டாள். "ஏகர்!" என்று மாமனாரின் குரல் ஆற்றின்மேல் பாய்ந்தது. கீழே சேற்றில் கவிழ்த்துப் போட்ட படகைச் சுரண்டிக்கொண்டிருந்த என் கணவன் சேத், கையும் காலுமாக ஊன்றிக் கரையேறி வந்தான். பெட்டியைப் பார்த்ததும்தான் அவனுக்கு மூச்சு வந்தது.

"அப்பாவைப் பொட்டிக்குள்ள போட்டுட்டீங்களா, மிஸ்? அங்கேயே இருக்கட்டும். வீடு நிம்மதியா இருக்கும்."

மறுபடி சேற்றில் இறங்கினான். அவளுக்கோ அந்த 'ஏ' எவ்வளவு நீளம் என்று எழுத வேண்டும். ஓடவிட்டாள், நிறுத்தினாள், பின்னுக்குச் சுற்றினாள். இரண்டாம் முறை சேத் தலையை மட்டும் தூக்கினான். அதற்குப் பிறகு அதுவும் இல்லை.

"போதும், மிஸ். நிறுத்துங்க," என்றேன்.

"இன்னும் ஒரே ஒரு தடவை."

வடகாற்று பிடித்திருந்ததை அப்போதுதான் கவனித்தேன். வடகாற்றில் அலை நேரம் பார்க்காது. அன்னங்கள் கரையை விட்டு நடு ஆற்றுக்கு நகர்ந்தன. வளைவுக்கு அப்பால், யாரோ நீளமாக மூச்சு விடுவதுபோல ஒரு சத்தம்.

"ஏகர்!" என்று கத்தினேன்.

சேத் திரும்பவில்லை. சுரண்டியைத் தலைக்கு மேல் ஆட்டினான். "இப்ப பொம்பளைக் குரல்லயும் பேசுதா?"

மிஸ் கார்ஸ்வெல்லும் கத்தினாள், இம்முறை சரியான உச்சரிப்பில். அவன் சிரித்துக்கொண்டே சுரண்டினான்.

அந்தச் சொல்லை விட்டுவிட்டேன். "சேத்! பின்னால பாரு!"

திரும்பினான். ஓடினான். சேறு ஒரு காலைப் பிடித்தது. பூட்ஸை அங்கேயே விட்டுவிட்டு வந்தவனை நானும், சத்தம் கேட்டு ஓடி வந்த மாமனாரும் சட்டையைப் பிடித்து மேலே இழுத்தோம். படகு துறையில் மோதி விறகாயிற்று.

மாமனார் அந்த டேப்பை உருவி அடுப்பில் போட்டார். மிஸ் கார்ஸ்வெல் காலிப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு மாலை ரயிலுக்குப் போனாள்.

அவளை வழியனுப்பிவிட்டுத் திரும்பும்போது, தெருவில் பிள்ளைகள் மூக்கைப் பிடித்துக்கொண்டு, பெட்டியின் குரலில் "ஏ... ஏ... ஏகர்" என்று ஒருவரையொருவர் துரத்திக்கொண்டிருந்தார்கள். ஆற்றோரம் தூண்டிலோடு நின்றவர்களில் ஒருவர்கூடத் தலையைத் திருப்பவில்லை.

அடுத்த அலை இன்னும் வரவில்லை.