படிவத்தில் இடமில்லாத ஊசி

அலுவலகத்தில் அவளுக்கு ஊசி அக்கா என்று பேர். முகத்துக்கு நேரே யாரும் சொல்ல மாட்டார்கள். அவள் காதில் விழாதபடியும் சொல்ல மாட்டார்கள். கடல்நீரில் மிதக்கும் டயட்டம்களை, கண்ணாடி ஓடு போர்த்திய அந்த ஒற்றைச் செல் பாசிகளை, நுண்ணோக்கியில் பார்த்து வகை பிரித்து எண்ணுவது அவள் வேலை. அதிலும் ஊசி வடிவத்தில் இருப்பவை அவள் பொறுப்பு. பதினாலு வருஷமாக அதே முக்காலி, அதே ஜன்னலில்லாத அறை.

அன்றைக்குச் சிப்பிப் பண்ணைப் பக்கமிருந்து வந்த நீரில் ஊசிகள் மண்டிக் கிடந்தன. தனித்தனியாக இருந்தால் ஒரு வகை. நட்சத்திரம் போலக் கால் பரப்பி ஒட்டியிருந்தால் இன்னொன்று. இவையோ நுனிமேல் நுனி கொஞ்சம் ஏறி ஒட்டி, நீளச் சங்கிலியாக ஊர்ந்துகொண்டிருந்தன. சங்கிலி வகையில் சில சாது. சில நஞ்சு சுரக்கும். அதைத் தின்ற சிப்பியைச் சாப்பிட்டால் குடலைப் புரட்டும், முற்றினால் ஞாபகத்தையே துடைத்துவிடும். எது எதுவென்று ஓட்டிலுள்ள துளை வரிசையை எண்ணித்தான் சொல்ல முடியும். அதற்கான மின்னணு நுண்ணோக்கி இருப்பது வேறு ஊரில். பதில் வரப் பன்னிரண்டு நாளாகும்.

இயக்குநரிடம் போனாள்.

"நஞ்சு வகைதான்னு சொல்றியா?"

"தெரியல சார். வழக்கமா வர்றதைவிட அகலமா இருக்கு. பதில் வர்ற வரைக்கும் அறுவடையை நிறுத்தி வைக்கலாம்."

எந்த வகை எந்தக் கடலில் கிடைத்தது என்று புள்ளி வைத்த பழைய வரைபடத்தை அவர் விரித்தார். "இங்க பாரு. அதெல்லாம் குளிர்ந்த கடல் சமாச்சாரம். நம்ம பக்கம் ஒரு புள்ளிகூட இல்ல."

"யாரும் தேடலைன்னாலும் புள்ளி இருக்காது சார்."

"ரெண்டு வருஷம் முன்னாடியும் இப்படித்தான் பேசினே."

அன்று அவள் சந்தேகத்தை நம்பி விரிகுடா முழுக்க அறுவடையை நிறுத்தினார்கள். கடைசியில் அது சாது வகை. அறுக்காமல் விட்ட சிப்பிகள் கனம் தாங்காமல், அவை வளரும் கயிறோடு அறுந்து கடலுக்குள் போயின. அதில் பாதி அவள் அண்ணனுடையது.

படிவத்தில் சங்கிலி ஊசிக்கு ஒரே கட்டம்தான்: 'தீங்கற்றது'. ஓரத்தில் பென்சிலால் சந்தேகத்தைக் குறித்துக் கொடுத்தாள். "படிவத்தைக் கிறுக்காதே" என்று இயக்குநர் அழித்துத் திருப்பினார். பேனா மூடியைத் திறப்பதும் மூடுவதுமாக நெடுநேரம் இருந்தவள், நாலு மணிக்குக் கையெழுத்துப் போட்டாள். மாதிரியை மட்டும் யாரையும் கேட்காமல் வெளியூருக்கு அனுப்பினாள்.

அண்ணன் வீட்டு மாடியறையில்தான் அவள் குடியிருந்தாள். சாயங்காலம் கூடத்தில் நின்று சொன்னாள்: "அண்ணா, நாளைக்கு அறுவடை வேணாம்."

"அப்படின்னு எழுதிக் குடுத்திருக்கியா?"

"இல்ல. நல்லா இருக்குன்னுதான் எழுதியிருக்கேன்."

"ஆபீஸுக்கு ஒரு நாக்கு, வீட்டுக்கு ஒரு நாக்கா?"

ரெண்டு வருஷமாக அவளோடு முகம் கொடுத்துப் பேசாத அண்ணி அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள். "உன் தட்டுல வெச்சா சாப்பிடுவியா?"

"மாட்டேன் அண்ணி."

அண்ணி படகுச் சாவியை எடுத்து இடுப்பில் செருகிக்கொண்டாள். அண்ணன் கத்திப் பார்த்தான். அண்ணி அசைந்து கொடுக்கவில்லை.

விடிந்ததும் ஊசி அக்கா சிப்பிக் கொட்டகைக்கு ஓடினாள். மற்றவர்கள் எல்லாரும் கடலுக்குப் போயிருந்தார்கள். படகு மெக்கானிக் மட்டும் கரைக்கு வந்த முதல் கூடையிலிருந்து வீட்டுக்குச் சிப்பி அள்ளிக்கொண்டிருந்தார்.

"அண்ணே, இன்னைக்கு இது வேணாம். எனக்குச் சந்தேகமா இருக்கு."

அவர் சுவரில் ஒட்டியிருந்த சீட்டைக் காட்டினார். "தீங்கற்றதுன்னு போட்டிருக்கே. கீழ இருக்கறது உங்க கையெழுத்துதானே?"

அவர் சிரித்தபடியே பையைத் தோளில் மாட்டிக்கொண்டு போனார்.

மூன்றாம் நாள் ஒன்பது பேர் ஆஸ்பத்திரியில். ஒன்பது பேரும் பிழைத்தார்கள். ஆனால் மெக்கானிக் தன் மனைவியையே யாரென்று கேட்டார். சொன்னால் தலையாட்டுவார், கொஞ்ச நேரத்தில் மறுபடி கேட்பார். பன்னிரண்டாம் நாள் பதில் வந்தது. நஞ்சு வகைதான்.

விசாரணைக்கு ரெண்டு அதிகாரிகள் வந்தார்கள். "இது உங்க கையெழுத்தா?"

"ஆமா." பென்சில் குறிப்பைச் சொன்னாள். அது இருந்த இடம் வெள்ளையாக இருந்தது. இயக்குநர் மேஜையைப் பார்த்துக்கொண்டிருந்தார். மாதிரி அனுப்பியதை, வீட்டில் தடுத்ததை, எல்லாவற்றையும் சொன்னாள்.

"அப்போ உங்களுக்குத் தெரிஞ்சிருக்கு. உங்க அண்ணனுக்கு மட்டும் சொல்லியிருக்கீங்க."

"கொட்டகைக்கும் போய்ச் சொன்னேன் சார்."

"யார்கிட்ட?"

மெக்கானிக்கின் பேரைச் சொன்னாள். அதிகாரி எழுதுவதை நிறுத்திவிட்டு அவளை நிமிர்ந்து பார்த்தார்.

வேலையை விட்டு நீக்கவில்லை. ஊசிகளை வகை பிரிக்க வேறு ஆள் இல்லையாம். விசாரணை முடியும்வரை ஊரைவிட்டுப் போகக் கூடாது, முக்காலியில் உட்கார்ந்து எண்ண வேண்டும், எதிலும் கையெழுத்துப் போடக் கூடாது. இயக்குநர் அவளைக் கண்டால் வேறு வழியாகப் போனார். பண்ணைக்காரர்கள் அண்ணனோடு பேசுவதை நிறுத்தினார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் மெக்கானிக் வீட்டுக் கதவைத் தட்டினாள். திறந்தது அவர் மனைவி. திட்டுவாள் என்று இவள் காத்திருந்தாள்.

"உள்ளதான் இருக்கார்," என்றாள் அந்த அம்மாள், வழிவிட்டு. "யாருன்னு கேப்பார். என்ன சொல்லணுமோ நீங்களே சொல்லிக்கோங்க."

செருப்பைக் கழற்றிவிட்டு அவள் உள்ளே போனாள்.