டிப்பரின் சொந்தக்காரி

அஞ்சலாட்சிக்கு சைக்கிள்கூட ஓட்டத் தெரியாது. ஆனால் அரசாங்கக் கணக்குப்படி பத்துச் சக்கர டிப்பர் ஒன்றுக்கு அவள்தான் சொந்தக்காரி. புண்ணியவான் தணிகாசலம் அப்படிப் பதிவு செய்து வைத்திருந்தார். அவருக்கு லாரிகள் பல. ஒன்றுகூட அவர் பெயரில் இல்லை. ஒவ்வொன்றும் ஒவ்வொரு டிரைவரின் பெண்டாட்டி பெயரில் ஓடியது. பிடிபட்டால் மாட்டுகிறவன் டிரைவர், பதில் சொல்கிறவள் அவன் மனைவி. முதலாளி வேட்டியில் மணல் ஒட்டாமல் கோயில் கமிட்டியில் உட்கார்ந்திருப்பார்.

மாசி மாதம், பெண்ணையாற்றிலிருந்து மணலோடு ஏறிய டிப்பரை தாசில்தார் மடக்கினார். ஓட்டி வந்த மணவாளன், அஞ்சலாட்சியின் புருஷன், மணல் திருடன் என்று கிளைச் சிறைக்குப் போனான். தணிகாசலம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. அவளுடைய அண்ணன்தான் நாயாக அலைந்து ஜாமீனில் அவனை வெளியே கொண்டுவந்தான். ஸ்டேஷன் வாசலில் நின்ற டிப்பரின் பேட்டரியை யாரோ கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள் என்ற செய்தி வந்த பிறகுதான் முதலாளிக்கு நெஞ்சு பதறியது.

அன்றே ஆப்பிளும் பிஸ்கட்டுமாக, வக்கீலையும் கூட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்தார். அதுவரை 'மணவாளன் பொண்டாட்டி' என்றே கூப்பிட்டவருக்கு அவள் திடீரென்று தங்கச்சியாகிவிட்டாள். குற்றத்தை ஒத்துக்கொண்டு அபராதம் கட்டினால் கனிமவளத்துறை தன் கேஸை முடித்துவிடும், அந்த உத்தரவைக் காட்டி கோர்ட்டில் மனுப் போட்டு வண்டியை எடுத்துவிடலாம், அபராதத்தைத் தானே கட்டுகிறேன், தங்கச்சி கையெழுத்துப் போட்டால் போதும் என்று தேனொழுகப் பேசினார்.

"அப்போ இவரு மேல போட்ட திருட்டுக் கேஸு?" என்று கேட்டாள்.

வக்கீல்தான் பதில் சொன்னார். அது போலீஸ் கேஸ், அது பாட்டுக்கு நடக்கும் என்றார். மனுவில் என்ன எழுதியிருக்கிறது என்று படிக்கச் சொன்னாள். புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்து, சொந்த வண்டியில், பிழைப்புக்காக மணல் அள்ளினார்களாம். நல்ல ஏற்பாடு. டிப்பர் வெளியே வரும். மணவாளன் உள்ளே போவான், துணைக்கு அவளும் போவாள்.

மணவாளன் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். முதலாளிமேல் வந்ததைவிட அவன்மேல்தான் அவளுக்குக் கோபம் அதிகமாக வந்தது. முதலாளியை அவள் மனுஷக் கணக்கிலேயே சேர்ப்பதில்லை. கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள். போடாவிட்டால் அவளை யார் மாஜிஸ்ட்ரேட் முன்னால் கொண்டுபோய் நிறுத்துவார்கள்?

மனு விசாரணைக்கு வந்த அன்று தணிகாசலம் கோர்ட்டின் கடைசி பெஞ்சில், யாரோ எவரோ போல உட்கார்ந்திருந்தார். மாஜிஸ்ட்ரேட் அம்மாள் மனுவைப் புரட்டிவிட்டு நிமிர்ந்தார்.

"வண்டி உங்களுதாம்மா?"

"பேரு என்னுதுங்க. வண்டி என்னுது இல்லீங்க. கடைசி பெஞ்சுல மூஞ்சியத் தொடச்சிக்கிட்டு இருக்காரே, அவருது. மணல் ஏத்தச் சொன்னதும் அவருதான். மனுவுல நான் போட்ட கையெழுத்து பொய்யிங்க. அதுக்கு என்ன தண்டனையோ குடுங்க, வாங்கிக்கிறேன்."

வக்கீல் எழுந்து ஏதோ சமாளிக்கப் பார்த்தார். உட்காரச் சொன்ன மாஜிஸ்ட்ரேட், தணிகாசலத்தை முன்னால் அழைத்தார். வண்டி அவருடையது என்றால் அவரே மனுப் போடலாம், ஆனால் மணலுக்கும் அவரே பதில் சொல்ல வேண்டியிருக்கும் என்றார்.

தணிகாசலம் வக்கீலைப் பார்த்தார். வக்கீல் மின்விசிறியைப் பார்த்தார். ஊரில் நாலு பேர் முன்னால் மீசையை முறுக்குகிற மனுஷன் அங்கே கையைக் கூப்பினார்.

"அம்மா, அந்த வண்டிக்கும் எனக்கும் சம்பந்தமே இல்லீங்க. இந்தப் பொம்பள யாருன்னே எனக்குத் தெரியாது."

மாஜிஸ்ட்ரேட் இரண்டு பேர் சொன்னதையும் அப்படியே எழுதச் சொன்னார். மனு தள்ளுபடி. வண்டி யாருடையது, மணல் யாருக்காகப் போனது என்று போலீஸ் மறுபடி விசாரிக்க வேண்டும். யாருக்கும் சொந்தமில்லை என்றால் அரசாங்கம் டிப்பரை எடுத்துக்கொள்ளும் என்றார். பெஞ்ச் கிளார்க் காகிதத்தை நீட்டினார். அஞ்சலாட்சி கையெழுத்துப் போட்டாள். அடுத்து தணிகாசலம். அவர் சட்டைப்பையைத் தடவித் தடவிப் பார்த்தார். அவள் தன் பேனாவைக் கொடுத்தாள்.

தன் டிப்பர் தன்னுடையது இல்லை என்று முழுக் கையெழுத்துப் போட்டார். அந்தப் பதற்றத்திலும் பேனாவைத் தன் பையில் செருகிக்கொண்டார்.

அஞ்சலாட்சி கையை நீட்டினாள்.

"பேனாவக் குடுங்க. இது நெசமாவே என்னுது."