பரவையே மென்ற வெள்ளிக்கிழமை

உலகத்தில் யாரும் முன்னைப்போலச் சூயிங்கம் மெல்வதில்லை. இதைச் சொன்னது கார்த்திகேஷ் அல்ல. அவனுக்குச் சம்பளம் கொடுக்கிற வெளிநாட்டுக் கம்பெனியே மாதக் கூட்டத்தில் படம் போட்டுக் காட்டியது. அமெரிக்காவில் குறைந்துவிட்டது, ஐரோப்பாவில் குறைந்துவிட்டது, கொரோனாவில் மாஸ்க் போட்ட வாய் அப்புறம் மெல்லவே மறந்துவிட்டது என்று ஒவ்வொரு கோடாகக் கீழே இறங்கியது. சரி, விற்கிறவனுக்குக் கொஞ்சம் மூச்சுவிட இடம் கொடுப்பார்கள் என்றுதானே நாம் நினைப்போம்? அங்கேதான் நமக்கும் கம்பெனிக்கும் வித்தியாசம். அங்கே குறைந்ததை இங்கே கூட்ட வேண்டும் என்று கூட்டத்தை முடித்தார்கள். அமெரிக்காக்காரன் மெல்லாமல் விட்டதைப் பரவைக்காரன் மெல்ல வேண்டுமாம்.

பரவை கார்த்திகேஷின் லைன். பழங்காநத்தத்தில் வீடு. காலையில் பைக்கின் பின்னால் டப்பாக்களைக் கட்டிக்கொண்டு திண்டுக்கல் ரோட்டில் ஏறினால், பரவை காய்கறிச் சந்தையும் அதைச் சுற்றியிருக்கிற கடைகளும் அவன் பாடு. வீட்டில் சௌராஷ்டிரம் பேசுவான், வெளியே வந்தால் சந்தைத் தமிழ். ஆறு வருடமாக அதே லைன். மாதம் எண்பது டப்பா தள்ள வேண்டும். அவனால் முடிந்தது நாற்பத்தைந்து. இரண்டு மாதம் சேர்ந்தாற்போல் தவறிவிட்டது. மூன்றாவது மாதமும் தவறினால் வேலை போய்விடும் என்று கடிதமே வந்துவிட்டது. மனைவி காவ்யஸ்ரீக்கு அப்போது ஆறாவது மாதம்.

ஏன் விற்கவில்லை என்று கேட்டால் சின்னப்பிள்ளைகூடச் சொல்லிவிடும். முன்பெல்லாம் கடைக்காரர் பாக்கி இரண்டு ரூபாய்க்குச் சில்லறை இல்லையென்று இரண்டு சூயிங்கத்தை எடுத்து நீட்டுவார். வேண்டாமென்று யாரும் சண்டை போட்டதில்லை. ஆசைப்பட்டு வாங்கியவன் பத்துப் பேர் என்றால், சில்லறைக்குப் பதிலாக வாங்கி மென்றவன் நூறு பேர். இப்போது ஒரு சீப்பு வாழைப்பழத்துக்குக்கூட போனைக் காட்டி ஸ்கேன் பண்ணிவிட்டுப் போய்க்கொண்டே இருக்கிறார்கள். சில்லறை செத்தது, கூடவே சூயிங்கமும் செத்தது. மிச்சமிருக்கிற கொஞ்ச நஞ்ச ஆசையையும் அதே போன் தின்றுவிட்டது. கல்லாவில் நிற்கிற நேரத்தில் யார் நிமிர்ந்து டப்பாவைப் பார்க்கிறார்கள்?

இதையெல்லாம் ஒரு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து, காவ்யஸ்ரீயை இங்கிலீஷ் சரிபார்க்கச் சொல்லி, சென்னை மண்டல மேலாளருக்கு மெயில் எழுதினான். பதில் வருமென்று அவன் எதிர்பார்க்கவில்லை. வந்தது. ‘வெள்ளிக்கிழமை நானே நேரில் வந்து பார்க்கிறேன். நீங்கள் எழுதியது உண்மையென்றால் எண்பதை நாற்பதாகக் குறைத்துவிடுகிறேன். கடைக்காரர்கள் யாருக்கும் நான் வருவது தெரியக்கூடாது.’

நாற்பது! நாற்பத்தைந்து விற்கிறவனுக்கு நாற்பது என்றால் அது வரமில்லாமல் வேறென்ன? காவ்யஸ்ரீ அன்றைக்குக் கேசரி கிண்டினாள். அந்த மனிதர் வர வேண்டும், தூசி படிந்த டப்பாக்களைப் பார்க்க வேண்டும், போக வேண்டும். அவ்வளவுதான். கார்த்திகேஷ் செய்ய வேண்டியது ஒன்றுமே இல்லை.

ஒன்றும் செய்யாமல் இருப்பதுதான் மனிதனுக்குக் கஷ்டம். புதன்கிழமை கருத்தக்கண்ணன் கடையில் டீ குடித்துக்கொண்டிருந்தபோது வாய் சும்மா இருக்கவில்லை. கருத்தக்கண்ணன் சந்தை வாசலில் மளிகைக் கடை வைத்திருப்பவர். பரவைக்கு மேற்கே நிலமும் உண்டு. சந்தைக் கடைக்காரர்களுக்கு அவர் பேச்சுதான் பேச்சு. கார்த்திகேஷை முதல்நாளிலிருந்தே அவருக்குப் பிடித்துவிட்டது. காரணமெல்லாம் கிடையாது, சிலரைச் சிலருக்குப் பிடிக்கும்.

“என்ன மாப்ள, மொகம் ஒரு தினுசா இருக்கு?”

“அண்ணே, யார்ட்டயும் சொல்லாதீங்க. வெள்ளிக்கிழமை மெட்ராஸ்ல இருந்து பெரிய ஆபீசர் வாராரு. அவரு இங்க என்னத்தப் பாக்குறாரோ அதுலதான் என் வேலையே இருக்கு.”

“வேலைக்கே ஆபத்தா?”

“ஆமாண்ணே.”

இதற்கு அடுத்த வரியை அவன் சொல்லியிருக்க வேண்டும். ‘என் சரக்கு இங்கே விற்கவில்லை என்று அவர் பார்க்க வேண்டும், கடையை இருக்கிறபடியே விட்டுவிடுங்கள்’ என்கிற ஒரு வரி. நாக்கு நுனி வரைக்கும் வந்தது. ஆனால் ஆறு வருடமாக ‘சூப்பரா ஓடுதுண்ணே, இன்னொரு டப்பா வையிங்கண்ணே’ என்று சொன்ன அதே வாயால், ‘இது ஓடாத சரக்கு’ என்று எப்படிச் சொல்வது? வெட்கமாக இருந்தது. அதற்குள் யாரோ அரைக்கிலோ துவரம்பருப்பு கேட்டார்கள். கருத்தக்கண்ணன் எழுந்தார்.

“நீ போய் நிம்மதியாத் தூங்கு மாப்ள. நானிருக்கேன்” என்று தோளைத் தட்டினார்.

அவன் போய் நிம்மதியாகத் தூங்கினான். மடையன்.

வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு, பைக்கில் வழிகாட்டி வந்த கார்த்திகேஷின் பின்னால், மண்டல மேலாளரின் கார் சந்தை வாசலில் நின்றது. நல்ல மனிதராகத்தான் தெரிந்தார். திண்டுக்கல் ரோட்டில் சந்தித்ததுமே மெயிலைப் பாராட்டியிருந்தார். “இவ்வளவு தெளிவா யாரும் எனக்கு எழுதினதில்ல கார்த்திகேஷ்” என்று சொல்லிக்கொண்டே இறங்கியவர் அப்படியே நின்றுவிட்டார்.

கருத்தக்கண்ணன் கடையின் முன்னால், பெஞ்சின் மேல் வாழையிலை விரித்து, அதன்மேல் மூன்று சூயிங்கம் டப்பாக்கள். மூன்றுக்கும் சந்தனம், குங்குமம். நடு டப்பாவுக்கு இரண்டு முழம் மல்லிகை. வெள்ளிக்கிழமையல்லவா, கல்லாவுக்குப் போடுகிற பூஜையைக் கடைக்காரர் டப்பாவுக்கும் போட்டிருந்தார். டப்பாக்களுக்கு முன்னால் ஒரு வரிசை. மூட்டை தூக்குகிறவர்கள், தக்காளி வாங்க வந்தவர்கள், ஆட்டோக்காரர்கள் என்று இருபது இருபத்தைந்து பேர் நின்றார்கள்.

“அண்ணே, எனக்கு நாலு சூயிங்கம் குடுங்க” என்று முதலில் கேட்டவர் சோணைமுத்து. சந்தையில் மூட்டை தூக்குகிறவர். வெற்றிலையைத் தவிர வேறெதையும் அந்த வாய் மென்று யாரும் பார்த்ததில்லை. இப்போதும் ஒரு கடைவாயில் வெற்றிலை இருந்தது, இன்னொரு கடைவாயில் சூயிங்கத்தை அடக்கிக்கொண்டார். அவருக்குப் பின்னால் நின்ற ஒரு பெரியவர் காகிதத்தோடு வாயில் போட்டு அப்படியே விழுங்கிவிட்டு, “நல்லாருக்கு, நல்லாருக்கு” என்றார். எதிரே டீக்கடை போட்டிருக்கிற அன்னக்கொடி ஒவ்வொரு டீ கிளாஸோடும் ஒரு சூயிங்கத்தைக் கொடுத்துக்கொண்டிருந்தாள். கண்ணுக்கெட்டிய தூரம் தாடைகள் அசைந்தன.

கருத்தக்கண்ணன் கார்த்திகேஷைப் பார்த்து ஒரு கண்ணைச் சிமிட்டினார். அந்தச் சிமிட்டலில் எவ்வளவு பாசம் இருந்தது என்று அவனுக்குத்தான் தெரியும். அதுதான் அவனை இன்னும் கொன்றது.

“என்ன கார்த்திகேஷ் இது?” என்றார் மேலாளர்.

“சார்… இன்னைக்கு வெள்ளிக்கிழமை சார். சந்தைக் கூட்டம். எல்லா நாளும் இப்படி இருக்காது சார்.”

இதைக் கேட்டதும் கருத்தக்கண்ணன் பதறிப்போனார். பாவம், பயல் பயத்தில் உளறுகிறான் என்று நினைத்து முன்னால் பாய்ந்து வந்தார்.

“சார், தம்பி கூச்சத்துல சொல்லுது. வெள்ளியும் கிடையாது சனியும் கிடையாது, நித்தம் இதே கூத்துதான். சாயங்காலம் வந்து பாருங்க, இம்புட்டுக்கு இம்புட்டு நிப்பாய்ங்க. தம்பி கொண்டாந்து போடுறது எங்களுக்கு மூணு நாளைக்குக் காணாது. இன்னும் குடு, இன்னும் குடுன்னு நாங்கதான் நச்சரிக்கிறோம்.”

“அப்படியா? கேட்டும் அவர் தரலையா?”

“அம்புட்டுக் கிராக்கி சார்!” என்றார் கருத்தக்கண்ணன், கேள்வியின் வில்லங்கம் தெரியாமல். சுற்றி நின்றவர்கள் எல்லோரும் தலையாட்டினார்கள், மென்றுகொண்டே.

இப்போது உண்மையைச் சொல்லிவிடலாமே என்று நீங்கள் கேட்கலாம். கார்த்திகேஷும் அதைத்தான் யோசித்தான். சொன்னால் என்ன ஆகும்? இவர்கள் நடிக்கிறார்கள் சார் என்றால், யார் நடிக்கச் சொன்னது என்று கேட்பார். நான் சொல்லவில்லை என்றால் எவன் நம்புவான்? யாருக்கும் தெரியக்கூடாது என்று எழுதியிருந்தும் கருத்தக்கண்ணனிடம் சொன்னவன் அவன்தானே. கடைக்காரர்களை வைத்து நாடகம் போட்டவனைக் கம்பெனி அன்றைக்கே அனுப்பிவிடும். போன வருடம் தேனியில் ஒருவனை அப்படித்தான் அனுப்பினார்கள். அதைவிட, இத்தனை பேர் தன் ஒருவனுக்காக நின்று வாய்வலிக்க மெல்லும்போது அவர்கள் முகத்துக்கு நேராக அதை எப்படிச் சொல்வது? இந்தப் பக்கமும் நெருப்பு, அந்தப் பக்கமும் நெருப்பு என்று நடுவில் நின்றான்.

மேலாளர் மேலும் நான்கு கடைகளைப் பார்த்தார். நான்கிலும் குங்குமப் பொட்டு. கடைசிக் கடையில் சூயிங்கம் தீர்ந்துபோய்விட்டதென்று இரண்டு பேர் சண்டையே போட்டார்கள். கருத்தக்கண்ணன் எதையும் அரைகுறையாகச் செய்கிறவர் இல்லை.

மேலாளர் அவனைக் காரில் ஏற்றிக்கொண்டு கிளம்பினார். கார்த்திகேஷ் கதவின் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டிருந்தான். கண்ணாடி ஏற்றியிருந்தது, கதவு பூட்டியிருந்தது, வெளியே பரவை தன் பாட்டுக்கு இருந்தது.

“உங்க மெயிலை நம்பி வந்தேன்” என்றார் மேலாளர். கோபமாகக்கூடச் சொல்லவில்லை, வருத்தமாகச் சொன்னார். “சில்லறை, போன், உலகம் மாறிப்போச்சு… நல்லா கதை எழுதுறீங்க. ஜனங்க கேட்டுட்டு நிக்கிறாங்க, நீங்க சரக்கு போடல. அதான் விஷயம்.”

“சார், நான் ஒண்ணு சொல்றேன், கேளுங்க…”

“வேண்டாம். உங்கள இப்பவே அனுப்பணும். ஆனா அந்தக் கடைக்காரங்களுக்கு உங்க மேல இருக்கிற பிரியத்தப் பாத்தேன். அதுக்காக விடுறேன். வர்ற மாசம் நூத்தி இருபது டப்பா. அது இந்தச் சந்தைக்குக் கம்மிதான். முடியலேன்னா நீங்களே எழுதிக் கொடுத்துட்டுப் போயிடுங்க.”

காரை நிறுத்தச் சொல்லி, கதவைத் திறந்துவிட்டு, போகும்போது கை வேறு கொடுத்தார்.

பிள்ளையார் பிடிக்கக் குரங்காக முடிந்த கதை நமக்குத் தெரியும். இங்கே பிள்ளையாரைப் பிடித்தது ஒருவன், குரங்காக்கியது ஒரு ஊர், அதுவும் பிரியத்தில். யாரைத் திட்டுவது? பைக்கை எடுக்க கார்த்திகேஷ் சந்தை வாசலுக்குத் திரும்ப நடந்தான். நடக்க நடக்க ஒன்றை முடிவு பண்ணிக்கொண்டான். கருத்தக்கண்ணனிடம் எல்லாவற்றையும் சொல்லிவிடுவது. சொல்லி, அவர் காலைப் பிடித்தாவது, மற்றக் கடைக்காரர்களிடம் பேசி மாதம் இன்னும் கொஞ்சம் கூடுதலாக எடுக்கச் சொல்லிக் கேட்பது. நூற்றிருபது முடியாதுதான். ஆனால் அவர் நினைத்தால் பக்கத்தில் வரலாம். நாற்பத்தைந்து எப்படியும் போய்க்கொண்டுதானே இருக்கிறது? அதன்மேல் கட்டிக்கொண்டு போகலாம்.

கடை வாசலில் திருவிழா முடிந்த களை. பெஞ்சைச் சுற்றி எல்லோரும் நின்றிருந்தார்கள். சோணைமுத்து சூயிங்கத்தைத் துப்பிவிட்டுப் புதுசாக ஒரு வெற்றிலையை மடித்துக்கொண்டிருந்தார். அன்னக்கொடி தாடையைத் தேய்த்துவிட்டுக்கொண்டாள்.

“ஏந்தம்பி, இதப் போயி மனுசன் காசு குடுத்தா திங்கிறான்? தாடையெல்லாம் கழண்டு போச்சு” என்றாள். “போனா போகுது. வேலைக்கு ஒண்ணும் ஆபத்தில்லையே?”

அத்தனை பேரும் அவன் வாயையே பார்த்தார்கள். பரீட்சை எழுதிவிட்டு மதிப்பெண்ணுக்குக் காத்திருக்கிற பிள்ளைகளைப்போல ஆர்வமாகப் பார்த்தார்கள். காகிதத்தோடு விழுங்கிய பெரியவர் முன்னால் வந்து காதைக் கொடுத்துக்கொண்டு நின்றார். கார்த்திகேஷ் வாயைத் திறந்தான். இத்தனை பேர் செய்த உதவியை எடுத்து அவர்கள் முகத்திலேயே எறிய அவனுக்கு மனசு வரவில்லை.

“இல்லக்கா” என்றான். “ஒண்ணும் ஆபத்தில்ல.”

“அப்பறம்!” என்று கருத்தக்கண்ணன் துண்டை உதறித் தோளில் போட்டார். யாரோ விசிலடித்தார்கள். “நான் சொன்னேன்ல மாப்ள, நானிருக்கேன்னு. இனி ஒன் வேலைய எவனும் அசைக்க முடியாதுல்ல?”

“முடியாதுண்ணே.”

“நல்லது. எனக்கு இப்பத்தான் நிம்மதி.” அவர் பெஞ்சிலிருந்த டப்பாக்களைத் தூக்கி அவன் கையில் வைத்தார். அப்புறம் கடைக்குள் போய், அரிசி மூட்டைக்குப் பின்னாலிருந்து உடைக்காத ஐந்தாறு டப்பாக்களை இழுத்துக்கொண்டு வந்தார். எல்லாவற்றிலும் தூசி.

“இதையும் எடுத்துட்டுப் போயிரு மாப்ள. காசெல்லாம் வேணாம். ஒன்ட்டச் சொல்றதுக்கு என்ன, இது ஒண்ணுகூட விக்கிறது கெடையாது. புள்ளகாரப் பயலாகப்போறான், வேலை போயிரக் கூடாதேன்னு மாசாமாசம் நானும் எடுத்து, நம்ம பயலுகளையும் ஆளுக்கு ரெண்டு மூணு எடுங்கடான்னு சொல்லி வச்சிருந்தேன். இனி அந்தக் கவல இல்ல. அடுத்த மாசத்துல இருந்து எங்களுக்கு வேணாம்.”

கார்த்திகேஷ் சரியென்று தலையாட்டினான். டப்பாக்களை வாங்கி, பைக்கின் பின்னால் வைத்து, கயிற்றை இழுத்துக் கட்டினான். சந்தைக்குள்ளிருந்து மற்றக் கடைக்காரர்களும் சிரித்துக்கொண்டே, ஆளுக்கு இரண்டு மூன்று டப்பாக்களைத் தூக்கிக்கொண்டு அவனிடம் வந்துகொண்டிருந்தார்கள்.