சிந்தியாவின் ரெட்வுட்

மகளின் கல்லறை மரத்தை எரித்தது மரியமலர்தான். வேண்டுமென்று செய்யவில்லை. மரித்த ஆத்துமாக்களின் திருநாளுக்கு நோர்வேக்காரர் மூடி போட்ட குவளை விளக்குகளை வைப்பார்கள். மரியமலருக்கோ மெழுகுதிரி என்றால் மண்ணில் குத்தி, சுடர் காற்றில் ஆடத்தான் வேண்டும். அவளுடைய ஊர் மன்னாரில் அப்படித்தான். ஏழு திரி கொளுத்திச் செபம் சொல்லிவிட்டு, புருசன் கிளெமென்றோடு பஸ் ஏறிவிட்டாள். வரப்போகிற குளிருக்கென்று அன்று காலையில்தான் அவர் மரத்தைச் சுற்றிச் சாக்குக் கட்டியிருந்தார். மறுநாள் போய்ப் பார்த்தால் கரிக்கட்டை.

அது சும்மா மரமில்லை. மகள் சிந்தியா காடுகளைப் பற்றிப் படித்தவள். படிப்பு விசயமாகக் கலிபோர்னியாவுக்குப் போய், ஆயிரம், இரண்டாயிரம் வருசமாக நிற்கிற ரெட்வுட் மரங்களுக்குக் கீழே நாலு நாள் நடந்துவிட்டு, விதை வாங்கிக்கொண்டு வந்தாள். நோர்வேயில், ரொம்சோஸ் வீட்டுப் பல்கனியில் முளைக்க வைத்தாள். கன்று முழங்கால் உயரம் வந்தபோது அவளுக்கு இரத்தப் புற்றுநோய். பாழாய்ப்போன வருத்தம், இருபத்துநாலு வயதில் கொண்டுபோய்விட்டது. கன்றை அவள் தலைமாட்டில் நட்டார்கள். ஐந்து வருசத்தில் அது நெஞ்சளவு வளர்ந்திருந்தது.

"பிள்ளையை ரெண்டாந்தரமும் சாகக் குடுத்திட்டன்" என்றாள் மரியமலர். அதோடு மகளைப் புதைத்த சேமக்காலைப் பக்கமே போகவில்லை. சாப்பாடும் பேருக்குத்தான். குளிர்காலம் முழுக்க அவள் கதைத்ததை விரல்விட்டு எண்ணலாம்.

கிளெமென்ற் பயந்துபோனார். மகள் போய்விட்டாள், இவளும் போய்விடுவாளோ என்று. பயந்த மனுசனுக்குப் புத்தி எங்கே வேலை செய்யும்? மே மாதம் ஸ்ட்ரோம்மன் பக்கத்துப் பூக்கன்றுக் கடை ஒன்றில், இலை அதேமாதிரி இருந்த வேறொரு மரக்கன்றை வாங்கினார். அதை நட்டுவிட்டு, மரம் தப்பிவிட்டது என்று மனிசிக்குச் சொல்லத் திட்டம். ஐந்து வருசம் ஞாயிறு தவறாமல் தண்ணீர் ஊற்றினவளுக்கு அடையாளம் தெரியாதாம். என்ன மடைத்தனம் பாருங்கள்.

கரிந்த மரத்தைக் கிளப்ப மண்வெட்டியை ஓங்கிப் போட்டார். இரண்டாம் வெட்டில், எரிந்த சாக்குத் துண்டுகளுக்குக் கீழிருந்து பச்சையாக ஏதோ துண்டாகி விழுந்தது. எடுத்துப் பார்த்தார். விரல் நீளக் குருத்து. மண்ணைக் கையால் விலக்கினார். அடித்தண்டில் இன்னும் இரண்டு முளை, அரிசி மணி அளவில்.

"அந்தக் காடு எத்தினை தரம் எரிஞ்சது தெரியுமோ அப்பா? எரிஞ்சாலும் அடியிலை இருந்து வெடிச்சு வரும்" என்று சிந்தியா அப்போதே சொன்னவள்தான். இவர் ரீவியில் செய்தி பார்த்துக்கொண்டே "ஓம், ஓம்" என்றவர். நெருப்புக்குத் தப்பினதை இவருடைய கை வெட்டிவிட்டது. குருத்தை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு வாய்விட்டு அழுதார்.

பிறகு வீட்டுக்குப் போன் எடுத்தார். பொய் சொல்ல இனி மனம் வரவில்லை. வாங்கின கன்று, போட்ட திட்டம், வெட்டின குருத்து, எல்லாவற்றையும் சொன்னார்.

"ஒருக்கா வாரும், மலர்" என்றார்.

அரை மணித்தியாலத்தில் வந்தாள், வீட்டுச் செருப்போடு. மண்ணில் முழங்காலிட்டு, மிஞ்சின இரண்டு முளையையும் தொடாமல் கனநேரம் பார்த்தாள். பிறகு அவருடைய கையை விரித்து, வாடத் தொடங்கியிருந்த குருத்தை எடுத்தாள்.

"நான் எரிச்சன். நீங்கள் வெட்டினியள்" என்றாள். "அப்பிடியும் எங்கடை பிள்ளை எங்களை விட்டிட்டுப் போகேல்லை."