ஜலீலுக்குப் பார்த்த இஸ்திகாரா

சையத் ஜலீலின் கறுப்புத் தலைப்பாகை மேல் எனக்குப் பொறாமை கிடையாது. நபி வழி வந்த குடும்பத்தில் பிறந்தால் அது தானாகத் தலையில் ஏறும். என்னுடையது வெள்ளை. மற்ற எல்லாவற்றின் மேலும் எனக்குப் பொறாமை உண்டு. கோம் நகரத்து மத்ரஸாவில் பதினோரு வருடம் ஒரே அறையில் படுத்து எழுந்தோம். பாடத்தில் நான் முதல். அவன் என் குறிப்புகளைப் பார்த்துத் தேறியவன். இன்று அவன் ஓர் அமைச்சகத்தில் ஆலோசகர், காரின் கதவைத் திறந்துவிட ஆள் உண்டு. நான் அதே மத்ரஸாவில் முதல் வருடத்துக்கு இலக்கணம் நடத்திக்கொண்டிருக்கிறேன்.

இலையுதிர் காலத்தில் எங்கள் இருவருக்கும் சொந்த ஊரான நயீமாபாத்தின் ஜும்மா இமாம் இறந்துபோனார். ஜும்மா இமாம் என்றால் வெள்ளிக்கிழமை தொழவைக்கிறவர் மட்டுமா? ஆளுநரே அவர் வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டுக் காத்திருப்பார். மேடையில் அவர் முகம் சுளித்தால் தண்ணீர் அதிகாரி மாற்றலாகிப் போவார். நியமனம் தலைநகரத்திலிருந்து வரும். அதற்கு விண்ணப்பம் கிடையாது, செல்வாக்குள்ள யாராவது பெயரைச் சொல்ல வேண்டும். என் பெயரைச் சொல்ல யார் இருக்கிறார்கள்?

ஆனாலும் ஆசை விடவில்லை. பிரசங்கம் செய்யும்போது இமாம் ஒரு கையில் துப்பாக்கியை ஊன்றிக்கொள்வது வழக்கம். ஒரு நாள் காலையில் கண்ணாடி முன் நின்று, துடைப்பத்தை ஊன்றிக்கொண்டு, நாலு வாக்கியம் பேசிப் பார்த்தேன். என் மனைவி பத்தூல் பின்னால் நின்றது தெரியவில்லை.

"பேசினது போதும், அதைக் குடுங்க. சமையக்கட்டு இன்னும் பெருக்கல," என்றாள். வாங்கிக்கொண்டு, "அந்த வேலை ஜலீல் அண்ணனுக்குத்தானாம்," என்றாள்.

"யாரு சொன்னா?"

"ரொட்டிக் கடை வரிசையில நின்னா எல்லாம் காதுல விழும். உங்க நோட்டைப் பாத்து எழுதினவர்னு சொல்லிச் சொல்லியே நீங்க இங்கயே உக்காந்திருக்கீங்க. அவர் எங்க போயிட்டார் பாருங்க."

அன்று அவள் வைத்த ஆட்டுக்கறியைத் தொட முடியவில்லை.

இரண்டு நாள் கழித்து ஜலீலே போன் செய்தான்.

"ஷேக்கு யதுல்லா, ஒரு இஸ்திகாரா பாத்துச் சொல்லேன்."

ஒரு காரியத்தைச் செய்யலாமா வேண்டாமா என்று குழம்புகிறவர்கள் எங்களிடம் இப்படிக் கேட்பது உண்டு. காரியம் என்ன என்று சொல்ல மாட்டார்கள், மனதுக்குள் நினைத்துக்கொள்வார்கள். நாங்களும் கேட்பதில்லை. கை கால் முகம் கழுவி ஒளு செய்து, ஓதி, திருமறையைத் திறப்போம். கண்ணில் படும் வசனத்தைப் பார்த்து நல்லது, கெட்டது என்று சொல்வோம்.

"பெரிய பெரிய ஆயத்துல்லாவெல்லாம் உன் பக்கத்துலயே இருக்காங்க. என்கிட்ட ஏன்டா?"

"அவங்க என் முகத்தைப் பாத்துச் சொல்லுவாங்க. நீ உள்ளதைச் சொல்லுவே."

என்ன காரியம் என்று எனக்குத் தெரியாதா? ரொட்டிக் கடைக்கே தெரியுமே. அவனைக் காத்திருக்கச் சொல்லிவிட்டு ஒளு செய்து வந்து திறந்தேன். சொர்க்கத்துத் தோட்டங்களைச் சொல்லும் பக்கம் வந்தது. இருபது வருடத்தில் இவ்வளவு நல்ல பதில் நான் யாருக்கும் பார்த்ததில்லை. இறைவனிடத்திலும் இவனுக்குத்தான் சிபாரிசா என்று நெஞ்சு கொதித்தது.

"கெட்டது," என்றேன்.

"கெட்டதா?"

"ரொம்பக் கெட்டது. அந்தப் பக்கமே போகாதே."

"சரிடா. நீ சொன்னா சரியாத்தான் இருக்கும்," என்றான். குரல் கம்மியிருந்தது. எனக்கு அதைக் கேட்கச் சந்தோஷமாக இருந்தது, மறைப்பானேன். அன்று இரண்டு தட்டு சோறு சாப்பிட்டேன்.

பத்தாவது நாள் நியமனம் வந்தது. சையத் ஜலீல்தான் நயீமாபாத்தின் ஜும்மா இமாம்.

பதவி என்றதும் திருமறையையும் மீறிவிட்டானே என்று எனக்கு ஆத்திரம் வந்தது. பொய் சொன்னவனுக்கு வந்த ஆத்திரத்தைப் பாருங்கள்! முதல் ஜும்மாவுக்குக் கார் அனுப்பியிருந்தான். போகமாட்டேன் என்று உட்கார்ந்திருந்த என்னை, "ஊர் என்ன பேசும், கெளம்புங்க," என்று பத்தூல்தான் துரத்தினாள்.

பள்ளிவாசலின் பின்னறையில் ஆளுநரும் போலீஸ் தலைவரும் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார்கள். ஜலீல் கண்ணைக் காட்டியதும் இருவரும் எழுந்து வெளியே போனார்கள். அதையும் பார்த்து எரிந்தேன். அவன் கதவைச் சாத்திவிட்டு என் கையைப் பிடித்துக்கொண்டான்.

"என் மேல வருத்தமாடா?"

"எனக்கென்ன வருத்தம்? இஸ்திகாரா கெட்டதுன்னு வந்ததுக்கு அப்புறமும் ஏன் ஒத்துக்கிட்டே?"

"அது எனக்காகக் கேட்டதில்ல." அவன் தலையைக் குனிந்துகொண்டான். "முதல்ல என்னைத்தான் கூப்பிட்டாங்க. என்னைவிடப் படிச்சவன் ஒருத்தன் இருக்கான், அதே ஊர்க்காரன், யதுல்லான்னு பேரு, அவனைப் போடுங்கன்னு கடுதாசி எழுதி வச்சிருந்தேன். அனுப்பலாமான்னுதான் உன்னைப் பாக்கச் சொன்னேன். ரொம்பக் கெட்டது, அந்தப் பக்கமே போகாதேன்னு நீயே சொன்னே. உனக்கு என்ன ஆபத்து வரப்போகுதோன்னு பயந்து கிழிச்சுப் போட்டேன்."

நான் வாயைத் திறந்தேன். தோட்டங்களின் பக்கம் கண்முன் விரிந்தது. அது எனக்கு வந்த பக்கம். உள்ளதைச் சொல்லுகிறவன் என்று உலகத்தில் என்னை நம்புகிற ஒரே ஆள் எதிரே நிற்கிறான். இவனிடம் எப்படிச் சொல்வது? வாயை மூடிக்கொண்டேன்.

தொழுகைக்கான பாங்கு ஒலித்தது. மூலையில் சாத்தியிருந்த துப்பாக்கியை எடுத்து என்னிடம் நீட்டினான்.

"கொஞ்சம் பிடி, மேலங்கியைச் சரிபண்ணிக்கிறேன்."

பிடித்துக்கொண்டேன். துடைப்பத்தைவிட நல்ல கனம். ஊன்றிப் பார்த்தேன், என் உயரத்துக்குச் சரியாக இருந்தது.

"குடுடா, நேரமாச்சு," என்றான்.

கொடுத்தேன்.